நாற்பத்தொரு சாமி

எங்கள் ஏழாவது இசைத்தட்டின் உறையில் ஒரு பெயர் மட்டும் அச்சில் இருக்காது. சிவப்பு மையில் முத்திரையாகக் குத்தியிருக்கும். சில பிரதிகளில் சாய்ந்திருக்கும், சிலவற்றில் மை கூடியிருக்கும். ஐந்நூறு பிரதிகளிலும் அப்படித்தான். அச்சுப் பிழையை மூடி மறைக்கக் குத்தியது என்று இணையத்தில் யாரோ எழுதியிருந்ததை மருமகள் படித்துக் காட்டினாள். பிழை உண்டு. அது என்னுடையது. மூடி மறைக்க என்பதை மட்டும் ஒப்புக்கொள்ள மாட்டேன்.

நாமக்கல்லிலிருந்து எருமப்பட்டி போகும் வழியில் எங்கள் புஞ்சைக் காட்டில் ஒரு கொட்டகை இருக்கிறது. அறுபதடி நீளம், இருபத்தெட்டடி அகலம். ஆழ்துளைக் கிணறு போடும் ரிக் வண்டியை நிறுத்துவதற்காக என் மகன் கட்டியது. வண்டி வடக்கே போனால் ஒன்பது மாதம் திரும்பாது, அவனும் அதோடு போய்விடுவான். கொட்டகை சும்மா கிடந்தது. மருமகள் கல்யாணத்துக்கு முன் சென்னையில் ஆறு வருடம் ஒலிப்பதிவுக் கூடத்தில் வேலை பார்த்தவள். ‘மாமா, இத எனக்குக் குடுத்துடுங்க’ என்று கேட்டாள். கொடுத்தேன். ஊரில் அதற்கு ரெக்காடு கம்பெனி என்று பெயர்.

முதலில் சுவரில் முட்டை அட்டை ஒட்டினால் சத்தம் உள்ளே வராது என்று யார் யாரோ சொன்னார்கள். நாமக்கல்லில் முட்டை அட்டைக்கா பஞ்சம்? ஆயிரத்து நூற்று நாற்பது அட்டைகளை நான் நின்று எண்ணி ஒட்டவைத்தேன். மருமகள் வந்து பார்த்து, ‘எதிரொலிதான் கொஞ்சம் குறையும் மாமா, லாரி ஹாரனுக்கு இது எம்மாத்திரம்’ என்று அத்தனையையும் பிய்த்துப் போட்டுவிட்டு, பழைய பஞ்சு மெத்தைகளை அறுத்துச் சுவருக்குள் திணித்தாள். பிய்த்ததையும் எண்ணினேன். பதினேழு குறைந்தது. எங்கே போயின என்று இன்றுவரை தெரியவில்லை.

கம்பெனிக்கு ஒரே ஒரு சட்டம். ஒரு தட்டின் முதல் பக்கம் இந்தப் பக்கத்து ஆள், மறுபக்கம் வெளிநாட்டு ஆள். இரண்டு பேருமே பெரிய கம்பெனிகள் திரும்பிப் பார்க்காதவர்களாக இருக்க வேண்டும். உறையில் இரண்டு பெயரும் ஒரே அளவு எழுத்தில் இருக்கும். இந்தச் சட்டத்தைப் போட்டவள் மருமகள். அது சரியாக நடக்கிறதா என்று பார்ப்பது என் வேலை.

நான் முப்பத்து மூன்று வருடம் பயிர்ப் பரிசோதனை, கால்நடைக் கணக்கெடுப்பு என்று எண்ணியே சம்பளம் வாங்கியவன். ஓய்வு பெற்றும் எண்ணுவது நிற்கவில்லை. வந்திறங்கும் தட்டுகளைப் படுக்கப் போட்டால் வெயிலில் வளைந்துவிடுமே என்று கொட்டகையின் சூட்டை நாளுக்கு மூன்று முறை குறித்து வைக்கிறேன். மாதிரித் தட்டுகளைப் போட்டு எத்தனை இடத்தில் ‘டிக்’ கேட்கிறது என்று எண்ணுகிறேன். உறையில் அச்சாகப் போகும் எழுத்துகளை ஒவ்வொன்றாகச் சரிபார்க்கிறேன். அதற்காக எல்லா உறையிலும் பின்பக்கம் அடியில், எறும்பு அளவு எழுத்தில், பிழைதிருத்தம் என்று போட்டு என் பெயர் இருக்கும்.

ஏழாவது தட்டின் முதல் பக்கத்துக்காரர் எங்கள் காட்டுக்கு அடுத்த கோழிப்பண்ணையில் முட்டை பொறுக்குபவர். நாற்பத்தைந்து வயது இருக்கும். காலை பத்து மணிக்கும் மதியம் மூன்று மணிக்கும் கூண்டு வரிசைகளுக்கு நடுவே வண்டியைத் தள்ளிக்கொண்டு பாடுவார். அவரே கட்டிய பாட்டு. ஓர் அட்டைக்கு முப்பது குழி அல்லவா? அவர் பாட்டிலும் ஆறு அடி, அடிக்கு ஐந்து தாளத் தட்டு. தட்டு விழும் இடத்தில் முட்டை குழிக்குள் போகும். ஆறாவது அடி முடியும்போது அட்டை நிறையும். விரிசல் முட்டை கைக்கு வந்தால் அந்தத் தட்டில் சொல் இருக்காது. நாக்கால் ‘ச்ச்’ என்று ஒரு சத்தம், அவ்வளவுதான். முதல் முறை வேலிக்கு இந்தப் பக்கம் நின்று கேட்டபோது நான் எண்ண ஆரம்பித்தேன், பத்து நிமிடத்தில் எண்ணுவதை விட்டுவிட்டேன். எனக்கு முன்பே அந்தப் பாட்டு எண்ணிக்கொண்டிருந்தது.

மறுபக்கத்துக்காரர் போலந்து நாட்டவர். டிரம்பெட் வாசிப்பவர். ஒன்பது நாள் எங்கள் வீட்டில் தங்கினார். கிருமி வராமலிருக்க வைத்திருக்கும் மருந்துத் தொட்டியில் காலை நனைத்துவிட்டுப் பண்ணைக்குள் போய், வாசிக்கலாமா என்று கேட்டார். கோழி மிரண்டால் முட்டை குறையும் என்று பண்ணைக்காரர் மறுத்துவிட்டார். போலந்துக்காரர் வருத்தப்படவில்லை. பாட்டை மட்டும் கேட்டுவிட்டு வந்து, எங்கள் கொட்டகையில் உட்கார்ந்து, அந்த ஐந்து தட்டிலேயே மெதுவாக வாசித்தார்.

டீக்கடையில் என்னைக் கண்டால் ஒருவர் விடமாட்டார். ‘ஏனுங்க, உங்கூட்டு ரெக்காட்டுல கோழி கூவறதெல்லாம் போடறாங்களாமா?’

‘முட்டைப் பண்ணையில சேவல் ஏதுங்க? கூவறது சேவல். உங்களுக்கு அதுகூடத் தெரியல’ என்றேன். அன்றைக்கு நன்றாகத்தான் இருந்தது. எனக்கும் ஒன்று தெரியவில்லை என்பது அப்போது தெரியாது.

எங்கள் பக்கத்தில் பெரியவர், சின்னவர், ஆண், பெண் என்றில்லாமல் எல்லோரையும் சாமி என்று கூப்பிடுவோம். மருமகள் ஆத்தூர்க்காரி. அந்தப் பக்கம் பேச்சு வேறு. கல்யாணமான மூன்றாம் நாள் என் மனைவி அவளைப் பார்த்து, ‘சாமி, வெளக்கப் பத்த வெச்சுரு’ என்று கூடத்து விளக்கைச் சொல்ல, அவள் நேராகச் சாமி அறைக்குப் போய்க் குத்துவிளக்கை ஏற்றிவிட்டு வந்தாள். ஒரு மாதம் சிரித்தோம்.

பாட்டை முதலில் கேட்டதிலிருந்து உறை வந்து இறங்கும் வரை பதினான்கு மாதமும் நான் முட்டைக்காரரைச் சாமி என்றுதான் கூப்பிட்டேன். அவரும் என்னைச் சாமி என்றார். மருமகள் அவரை அக்கா என்றாள். தட்டை வெளிநாடுகளில் விற்க ஒப்புக்கொண்ட நிறுவனம், பண்ணையிலும் கொட்டகையிலும் எடுத்த பதிவுகள் முழுவதையும் அனுப்பச் சொன்னது. நடுவில் நாங்கள் பேசியதையும் வெட்டாமல் அனுப்பினோம். கூடவே ஒரு படிவம். அதில் பாடகர் பெயர் என்ற கட்டத்தை, எழுத்து சரியாகக் கேட்டுப் போடலாம் என்று மருமகள் காலியாக விட்டிருந்தாள். அந்த நிறுவனத்து அம்மையார் பதிவைக் கேட்டிருக்கிறார். ‘ஆரம்பிக்கலாங்களா சாமி?’, ‘இன்னொருக்காப் பாடுங்க சாமி.’ கட்டத்தை அவரே சாமி என்று நிரப்பிவிட்டார்.

அந்தப் படிவத்தை வைத்தே தயாரித்த உறையின் மாதிரி என்னிடம் வந்தது. போலந்துக்காரர் பெயரில் ஓர் எழுத்தின் குறுக்கே ஒரு கோடு, இன்னொன்றின் தலையில் ஒரு புள்ளி. இரண்டையும் நான்கு முறை ஒத்துப் பார்த்தேன். என் முதலெழுத்துக்குப் பின் புள்ளி விழுந்திருக்கிறதா என்று கண்ணாடி வைத்துப் பார்த்தேன். முதல் பக்கம், பாடியவர், சாமி. கண் அதன் மேல் தடுக்கவே இல்லை. அவர் சாமிதானே? கையெழுத்துப் போட்டு அனுப்பினேன்.

ஐந்நூறு உறைகளும் வந்து இறங்கிய அன்று, மதிய வேலை முடிந்து கை கழுவிவிட்டு அவர் வந்தார். ஒன்றை எடுத்துக் கொடுத்தோம். முன்னே பார்த்தார், பின்னே திருப்பினார், மறுபடி முன்னே திருப்பினார். எட்டாவது வரை படித்தவர்.

‘ஏனுங்க சாமி, இதாரு சாமி?’

‘நீங்கதான் சாமி.’

அவர் சிரித்தார். ‘நீங்க என்னயச் சாமீங்கறீங்க. நானு உங்களயச் சாமீங்கறேன். அந்தத் தொரையக்கூடச் சாமீன்னுதான் சோறு போட்டோம். இதுல எந்தச் சாமிய அச்சடிச்சிருக்குறீங்க?’

நான் மருமகளைப் பார்த்தேன். அவள் என்னைப் பார்த்தாள். இரண்டு பேருக்கும் அவர் பெயர் தெரியாது.

மருமகள் கோப்பிலிருந்து ஒப்பந்தத் தாளை எடுத்து விரித்தாள். நான்கு பக்கத்திலும் அவரே தன் கையால் முழுப் பெயரையும் எழுதியிருந்தார், ஒவ்வோர் எழுத்தும் முட்டை மாதிரி தனித்தனியாக. கையெழுத்து நான்கு இருக்கிறதா என்று அன்றைக்கு நான்தான் எண்ணினேன். இருந்தது. என்ன எழுதியிருக்கிறது என்று படிக்கவில்லை. கால்நடைக் கணக்கெடுப்பில் அவர் ஊருக்கு நான் மூன்று முறை போயிருக்கிறேன். மாடு எத்தனை, கோழி எத்தனை, வீட்டுத் தலைவர் பெயர் என்ன. பெண்கள் பெயருக்கு அந்தப் படிவத்தில் கட்டம் கிடையாது. நானும் கேட்டதில்லை.

பெயரைப் படித்தேன். ஒரு வீட்டில் நான்காவதாகவும் பெண் பிறந்தால், இதோடு நிற்கட்டும், போதும் என்று வேண்டிக்கொண்டு வைக்கிற பெயர். எங்கள் ஜில்லாக்களில் அப்படி எத்தனையோ பேர் இருந்தார்கள். இப்போது பலர் மாற்றிக்கொண்டுவிட்டார்கள்.

‘நீங்க சொல்லியிருக்கலாமே சாமி’ என்றேன். சொன்ன பிறகுதான் எவ்வளவு கேவலமான பேச்சு என்று புரிந்தது.

‘எழுதிக் குடுத்தனே. நாலு தடவ’ என்றார்.

அவர் உறையை மேசை மேல் வைத்தார். ‘எம்பேரு போடாத தட்டு எனக்கு வேண்டாமுங்க. பாட்டையும் எடுத்துருங்க.’

போய்விட்டார். மறுநாள் காலை பத்து மணிக்கு வேலிக்கு அந்தப் பக்கம் வண்டிச் சக்கரம் மட்டும் கேட்டது. பாட்டு இல்லை. மூன்று மணிக்கும் இல்லை.

மருமகளுக்கு ஏழு தட்டில் முதல் முறையாகக் கிடைத்த வெளிநாட்டு வாய்ப்பு அது. அதற்காக இரண்டு வருடம் எழுதிக்கொண்டே இருந்தாள். அந்த அம்மையாரோடு கணினியில் பேசும்போது என்னையும் உட்காரச் சொன்னாள். முட்டைக்காரரையும் கூட்டி வந்திருந்தாள். பேச்சு ஆங்கிலத்தில் நடந்தது. அம்மையார் மரியாதையானவர், குரல் உயரவே இல்லை. அறிவிப்பெல்லாம் போய்விட்டது, விற்பனைப் பட்டியலில் ஏறிவிட்டது, சாமி என்பது சின்னப் பெயர், எந்த நாட்டுக்காரர் வாயிலும் நுழையும், இரண்டாம் பதிப்பு வந்தால் திருத்திக்கொள்ளலாம் என்றார். உண்மைப் பெயருக்கு என்ன பொருள் என்றும் கேட்டார். மருமகள் சொன்னாள். பிறகு, ‘அப்படி ஒரு பெயரோடு உலகத்துக்கு அறிமுகமாக அவர் விரும்புவாரா? அவருடைய கௌரவத்தையும் நாம் யோசிக்க வேண்டாமா?’ என்றார்.

மருமகள் தயங்கினாள். எனக்கு மட்டும் கேட்கும்படி, ‘மாமா, இத விட்டா இன்னும் எத்தன வருஷமோ’ என்றாள். அவளைக் குறை சொல்ல மாட்டேன். பிழை அவளுடையது அல்ல, இழப்பு மட்டும் அவளுடையது.

‘அந்தம்மா என்ன சொல்லுது?’ என்று கேட்டார் முட்டைக்காரர்.

மருமகள் ஒன்று விடாமல் சொன்னாள்.

அவர் திரைக்கு அருகே நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டார். தமிழில்தான் பேசினார். ‘சாமீன்னு ஆர வேணுனாலும் கூப்புடலாமுங்க. கன்னுக்குட்டியக் கூப்புடறோம். சீக்குக் கோழியக் கூப்புடறோம். இந்தப் பேர எனக்குன்னு வெச்சாங்க. போதும்னு வெச்சாங்க. போதும்னவங்க பூரா கேக்கட்டுமுன்னுதான் நானு பாடறேன். பேர எடுத்துப்போட்டா அவங்களுக்கு எப்புடித் தெரியும், பாடறது நாந்தான்னு?’

மருமகள் அதை மொழிபெயர்க்கும்போது அவள் தயக்கம் போய்விட்டிருந்தது. கடைசியில் அவளாக ஒரு வாக்கியம் சேர்த்தாள். பெயர் மாறாமல் ஒரு தட்டும் இந்தக் கொட்டகையை விட்டு வெளியே போகாது என்றாள். அம்மையார், தன் கூட்டாளிகளுக்குக் காட்ட எழுத்தில் ஏதாவது காரணம் வேண்டும் என்றார்.

எழுத்தில் காரணம் வேண்டுமென்றால் அது என் துறை. அனுப்பிய பதிவு மொத்தம் மூன்று மணி பத்து நிமிடம். மூன்று முறை உட்கார்ந்து கேட்டேன். முதல் முறை எண்ணியதில் நாற்பது வந்தது. ஒரு சாமியை லாரி ஹாரன் விழுங்கியிருந்தது. அடுத்த இரண்டு முறையும் நாற்பத்தொன்று. பட்டியல் போட்டேன். முட்டைக்காரரைக் கூப்பிட்டது பதினேழு. அவர் என்னைக் கூப்பிட்டது பதினொன்று. போலந்துக்காரரை நாங்கள் கூப்பிட்டது ஆறு. மருமகளை நான் கூப்பிட்டது நான்கு. தீவனம் எடுக்காத ஒரு கோழியைக் கூப்பிட்டது இரண்டு. மின்சாரம் போனபோது ‘அட சாமி’ என்று உண்மையான சாமியைக் கூப்பிட்டது ஒன்று. நிமிடம், விநாடியோடு ஆங்கிலத்தில் அட்டவணையாக எழுதி, அடியில் இப்படி முடித்தேன்: சாமி என்பவர்தான் பாடியவர் என்றால், மேற்கண்ட நால்வர், ஒரு கோழி, ஒரு கடவுள் ஆகிய அறுவர் பெயரையும் உறையில் போட வேண்டும். பிழை திருத்தியவன் என்ற முறையில் இந்தப் பிழைக்கு நானே பொறுப்பு. அதை நிலைக்கவிடுவதற்கு நான் பொறுப்பேற்க மாட்டேன்.

மருமகள் படித்துவிட்டு, ‘கோழிய எடுத்துடலாமா மாமா?’ என்றாள்.

‘கோழி இருக்கட்டும்’ என்றேன்.

பட்டியலின் ஒரு பிரதி போலந்துக்காரருக்கும் போயிற்று. அவர் அம்மையாருக்குத் தனியாக எழுதினார்: ஒன்பது நாள் நானும் சாமியாகத்தான் இருந்தேன். அவர் பெயர் அதுதான் என்றால் என் பெயரையும் எடுத்துவிட்டு அதையே போடுங்கள். இரண்டு பெயரும் சமமாக இருக்க வேண்டும் என்பது அந்தக் கம்பெனியின் சட்டம்.

இரண்டு நாள் கழித்துப் பதில் வந்தது. விற்பனைப் பட்டியலில் அவர்களே திருத்திவிடுவார்களாம். உறையை மறுபடி அச்சடிக்க நேரம் இல்லை. பதினோரு நாளில் பெட்டிகள் கிளம்பாவிட்டால் வெளியீடு அடுத்த வருடம்தான். திருத்துவது எப்படி என்பது எங்கள் பாடு. கோழியைப் பற்றி அவர் ஒன்றும் எழுதவில்லை.

காகிதத்தில் அச்சடித்து மேலே ஒட்டலாம் என்றாள் மருமகள். எங்கள் வெயிலில் பசை காய்ந்து உரியும், கீழே சாமி எட்டிப் பார்ப்பார் என்று நான் கவலைப்பட்டேன். இருவரும் அதைச் சொல்லிச் சண்டை போட்டுக்கொண்டிருந்தபோது முட்டைக்காரர்தான், ‘எதுக்கு ஒட்டோணும்? குத்திருங்க’ என்றார். வெளிநாட்டுக்குப் போகிற முட்டை ஒவ்வொன்றிலும் சிவப்பு மையில் முத்திரை குத்துவார்கள். அதை வருடக்கணக்காகச் செய்தவர் அவர். ‘ஓடு ஒடையாமக் குத்தற கை இது. அட்டையா கஷ்டம்?’

நாமக்கல் பேருந்து நிலையத்துக்குப் பக்கத்தில் ரப்பர் முத்திரை செய்பவரிடம் போனேன். எழுதிக் கொடுத்த பெயரைப் படித்துவிட்டு நிமிர்ந்து பார்த்தார். ‘எந்த ஆபீசுங்க?’

‘ஆபீசு இல்ல. ஒரு ஆளு பேரு.’

‘பதவி ஏதாச்சும் கீழ போடறதுங்களா?’

‘பாடியவர்னு ஏற்கெனவே அச்சுல இருக்குதுங்க. பேரு மட்டும் போதும்’ என்றேன். போதும் என்ற சொல் என் வாயிலிருந்து வந்ததும் எனக்கே ஒரு மாதிரி ஆகிவிட்டது. எழுத்தை இந்த முறை ஒப்பந்தத் தாளோடு வைத்துப் பார்த்தேன். பிறகு மாதிரியை எடுத்துக்கொண்டு பண்ணைக்கே போய், சரியா என்று அவரையே கேட்டேன். அவர் விரலை வைத்து ஒவ்வோர் எழுத்தாகத் தொட்டுப் பார்த்துவிட்டுத் தலையாட்டினார்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை, பத்து மணி வேலை முடிந்ததும் வந்தார். உறைகளைப் பெரிய மேசையில் பரப்பினோம். மைப்பெட்டியில் முத்திரையை ஒற்றினார். முதல் உறையில் சாமி இருந்த இடத்தில் குத்தினார். சாமி முழுதாக மறையவில்லை, அடியில் நிழல் மாதிரி தெரிந்தது. நான் முகம் சுளித்ததைப் பார்த்திருக்க வேண்டும். ‘தெரியட்டுமுங்க. என்ன பண்ணுனீங்கன்னு தெரியோணுமில்ல?’ என்றார்.

பிறகு பாட ஆரம்பித்தார். தட்டு விழும் இடத்தில் முத்திரை விழுந்தது. ஐந்து, ஐந்து, ஐந்து. ஆறு அடி முடிந்தால் முப்பது உறை. மருமகள் ஒலிவாங்கியை எடுத்து வந்து வைத்தாள், வேண்டாம் என்று அவர் சொல்லவில்லை. பதினாறு பாட்டு முழுதாக, பதினேழாவதில் நாலே அடி. நானூற்று எண்பதும் இருபதும் ஐந்நூறு. நான் தனியாக எண்ணி வைத்திருந்ததோடு சரியாக இருந்தது.

கடைசி உறையை அவர் உடனே கீழே வைக்கவில்லை. பின்பக்கம் திருப்பி, அடியில் இருந்த எறும்பு எழுத்தைக் கண்ணுக்கருகே கொண்டுபோய்ப் படித்தார்.

‘இதாரு பேருங்க?’

‘என் பேரு.’

‘ஓ, உங்க பேரு இதுங்களா? எனக்கும் தெரியாதுங்களே.’ இன்னொரு முறை படித்தார். ‘உங்களுது மட்டும் ஒரு எழுத்து தப்பில்லாம வந்திருக்குது.’

மருமகள் வேறு பக்கம் திரும்பிக்கொண்டாள். தோள் குலுங்கியதில் சிரிக்கிறாள் என்று தெரிந்தது.

அவர் முத்திரையை மறுபடி மையில் ஒற்றி, என் பெயரின் மேல் அழுத்திக் குத்தினார். என் பெயர் முழுதாக மறைந்துவிட்டது. ‘இத நீங்களே வெச்சுக்குங்க சாமி’ என்று என்னிடம் நீட்டினார். நான் அவர் பெயரைச் சொல்லி, ‘சரிங்க’ என்றேன். அந்தப் பெயரை நான் வாய்விட்டுச் சொன்னது அதுதான் முதல் முறை. அவர் முத்திரையைத் துடைத்து, முந்தானையில் முடிந்துகொண்டு மூன்று மணி வேலைக்குப் போனார். பெட்டிகள் குறித்த நாளுக்கு இரண்டு நாள் முன்பே கிளம்பின, நானூற்றுத் தொண்ணூற்றொன்பது.

இதை எழுதுவதற்கு முன் அவரைக் கேட்டேன். எழுதுங்கள், ஆனால் பெயரை இதில் போட வேண்டாம் என்றார். ‘அய்யோ பாவம்னு படிக்கறதுக்கு எம்பேரு எதுக்கு? எங்க போடோணுமோ அங்க குத்தியாச்சு. கேக்கறவங்க அங்க பாத்துக்கட்டும்.’ அதனால் போடவில்லை. யார் பெயரையும் போடவில்லை. கொட்டகைச் சுவரில் ஆணியடித்து மாட்டியிருக்கும் ஐந்நூறாவது உறையில் அவர் பெயர் இரண்டு இடத்தில் இருக்கிறது. உங்கள் பிரதியில் ஓர் இடத்தில்தான் இருக்கும்.